கழுத்துக்குள் ஒரு விதானை

என் கலியாணத்தில் எனக்காக முதலில் சத்தம் போட்டவர் வட்டை விதானை.

நிந்தவூரில் பிறந்து கல்முனைக்கு மாப்பிள்ளையாக வந்தவன் நான். எங்கள் பக்கத்தில் பெண் புகுந்த வீட்டுக்குப் போவதில்லை. மாப்பிள்ளைதான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பெண் வீட்டுக்கு வந்து சேர வேண்டும். நான் பெட்டியோடும் உடன்பிறந்த மூத்தவரான காக்காவிடம் இரவல் வாங்கிய ஷெர்வானியோடும் வந்தேன். காக்காவுக்குக் கொக்குக் கழுத்து. எனக்குக் கழுத்தென்று தனியாக ஒன்று இருக்கிறதா என்பதைக் கொஞ்சம் தேடித்தான் பார்க்க வேண்டும். மேல் பொத்தானைப் போட்டதும் உலகம் சற்றுத் தூரமாகப் போனது. வீடியோக்காரன் நிற்கிறானே என்று கழற்றாமல் சிரித்துக்கொண்டே இருந்தேன். பந்தலில் தொங்கிய விளக்குகளெல்லாம் மங்கிக்கொண்டு வந்தன. அதையும் அலங்காரத்தில் ஒரு பகுதி என்றே நினைத்துக்கொண்டேன்.

அப்போது பந்தலின் மறுகோடியிலிருந்து ஒரு குரல் வெடித்தது.

“டேய்! மாப்பிள்ளைக்குக் காத்துக் குறையுதுடா! கொலரக் கழட்டுங்கடா!”

ஆளாளுக்கு என் கழுத்தில் விழுந்தார்கள். பொத்தான் தெறித்து ஒரு பெரியவரின் பாயாசத்தில் போய் விழுந்தது. அந்தக் காட்சி வீடியோவில் அப்படியே இருக்கிறது. வீட்டுக்கு வருகிறவர்களுக்கு என் மனைவி கலியாண வீடியோவில் அந்த இடத்தை மட்டும் போட்டுக் காட்டுவாள்.

குரலுக்குச் சொந்தக்காரரை ஊரில் யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. விதானை என்பார்கள். முழுதாகச் சொன்னால் வட்டை விதானை. ஒரே வாய்க்காலை நம்பியிருக்கிற வயல்களெல்லாம் சேர்ந்தது ஒரு வட்டை. அந்த வட்டைக்குத் தண்ணீர் பங்கிட விவசாயிகள் தாங்களே கூடித் தெரிவு செய்கிற ஆள்தான் விதானை. வாய்க்காலின் தலையில் இருக்கிறவன் எல்லாத் தண்ணீரையும் தனக்கே மறித்துக்கொள்ளாமலும், வாலில் இருக்கிறவன் வெடித்த நிலத்தைப் பார்த்து அழாமலும் காப்பது அவர் பொறுப்பு. மனிதர் இப்போது மகளோடு கட்டாரில் இருக்கிறார். வாய்க்கால் என்ற ஒன்றே இல்லாத நாட்டில் அவர் எதில் குறை கண்டுபிடிக்கிறாரோ, அல்லாஹ்வுக்குத்தான் வெளிச்சம்.

கத்துவது அவருடைய வேலை என்று மட்டும் சொன்னால் போதாது. எங்கே எது குறைந்தாலும் அது அவருடைய உடம்புக்கு முதலில் தெரிந்துவிடும், தெரிந்தது வாய்க்கு வந்துவிடும். இடையில் யோசனை என்ற தரிப்பிடம் கிடையாது.

கலியாண விருந்துகளில் நாங்கள் சஹன் வைத்துச் சாப்பிடுகிறவர்கள். ஒரு பெரிய தட்டைச் சுற்றி ஆறு பேர் உட்கார வேண்டும். விதானை தன் சஹனில் சோற்றைப் பிசைந்துகொண்டே நாலாவது வரிசைச் சஹனைப் பார்த்து, “அங்க ஒரு ஆள் குறையுது! அஞ்சு பேரு ஆறு பேர்ர இறைச்சியத் திங்கிறானுகள்!” என்பார். அந்த ஐந்து பேரும் அன்றிலிருந்து அவருக்கு எதிரிகள். பந்தி விசாரிக்கிறவர்கள், விதானை வந்திருக்கிறார் என்றால் அவரைச் சுவரைப் பார்த்தபடி உட்கார வைப்பார்கள். சுவரில் சுண்ணாம்பு உரிந்திருந்தால் அதற்கும் சத்தம் வரும்.

அவருக்கு வாரம் ஒரு முறை வருகிற சோதனை ஜும்ஆத் தொழுகை. குத்பாப் பிரசங்கம் நடக்கும்போது யாரும் வாய் திறக்கக் கூடாது. பக்கத்தில் கதைக்கிறவனை ‘சும்மா இரு’ என்று அடக்குவதற்குக்கூட அனுமதியில்லை. ஒரு வெள்ளிக்கிழமை, தொழுகைக்கு முன் கை கால் கழுவி வுளூ செய்கிற இடத்தில் யாரோ குழாயைச் சரியாக மூடாமல் வந்துவிட்டார்கள். ஜன்னல் வழியாக அது விதானையின் கண்ணில் பட்டுவிட்டது. பிரசங்கம் செய்கிற கதீப் மிம்பர் மேடையில் நின்று பொறுமையைப் பற்றி உருக்கமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். எங்கள் வரிசையில் ஒருவர் கண்ணும் அவர் மேல் இல்லை. எல்லாரும் விதானையைத்தான் பார்த்தோம். முகம் சிவந்தது. கழுத்து நரம்புகள் கயிறு கயிறாக எழும்பின. கைகள் தொடையில் தாளம் போட்டன. பொறுமை என்றால் என்னவென்று அன்று நான் மிம்பரைப் பார்க்காமலே கற்றுக்கொண்டேன். தொழுகையை முடிக்கிற இரண்டாவது ஸலாமுக்கு முகத்தை இடப்பக்கம் திருப்பினாரே, அந்தத் திருப்பிலேயே தொடர்ந்து:

“எந்த ஹறாமி அந்தப் பைப்பத் துறந்து போட்டு வந்த?”

ஊரையே தொழுகைக்கு அழைக்கிற ஒரு பாங்குக்குப் போதுமான குரல். மன்னிக்க வேண்டும், இரண்டு பாங்குக்கு.

எனக்குச் சீதனமாக வந்த வயல் சவளக்கடைப் பக்கம் அவருடைய வட்டையில் இருந்தது. அதுவும் கடைக் கண்டம் என்கிற கடைசிப் பகுதியில், வாய்க்கால் முடிந்து தண்ணீருக்கு மூச்சு முட்டுகிற இடத்தில். எனக்குக் கல்முனையில் ஒரு பாமசி, மருந்துக்கடை, இருக்கிறது. பனடோலுக்கும் விட்டமினுக்கும் வித்தியாசம் சொல்லுவேன். நெல்லுக்கும் கோரைக்கும் வித்தியாசம் கேட்காதீர்கள். ஆகவே என் பயிர் என்னை நம்பி வளரவில்லை. விதானையின் தொண்டையை நம்பித்தான் வளர்ந்தது. அவர் வாய்க்கால் மதகான துருசின் கட்டில் ஏறி நின்று, கதவை யார் எவ்வளவு உயர்த்த வேண்டும் என்று ஒரு சத்தம் போட்டால் முன் கண்டத்தில் மறித்துக் கட்டியிருந்த மண்ணெல்லாம் தானாக விலகும். எனக்குப் பக்கத்து வயல் வீரமுனை அண்ணனுடையது. வீரமுனையிலிருந்து தினமும் சைக்கிளில் வருவார். “தம்பி, சத்தம் வந்திட்டு. மறுகா பின்னால தண்ணி வரும்” என்பார். அப்படியே வரும்.

விதானை வியாழக்கிழமைகளில் என் கடைக்கு வந்து பிரசர் பார்ப்பார். கருவி எப்போதும் கூடுதலாகத்தான் காட்டும். மாமியும் கூட வருவா. மாமி என்றால் விதானையின் மனைவி. ஊர் முறையில் எனக்கு மாமி.

“மருமகன், இந்த மனிசன் நித்திரையிலயும் விதானை வேலைதான் பாக்குறார்” என்று மாமி ஒருநாள் சொன்னா. “கொறட்ட விட்டு விட்டு வந்து, ஒரேயடியா மூச்ச அடைச்சிருவார். நான் ‘யா அல்லாஹ்’ எண்டு எழும்பி உட்கார, துருசு துறந்த மாதிரிப் பளார் எண்டு விடுவார். எனக்குத்தான் ரெண்டு பக்கமும் நட்டம்.”

“உனக்கு என்னடி நட்டம்? காத்து என்ட.”

“காது என்ட.”

அந்த மாதிரி ஒரு வியாழக்கிழமைதான் மாமி அவருடைய தாடியை ஒதுக்கிக் காட்டினா. வலப்பக்கம், தாடையின் மூலைக்குக் கீழே ஒரு வீக்கம். பாக்கு அளவிருக்கும். நோவில்லை, காய்ச்சலில்லை. விரலை வைத்தேன். அது என் விரலைத் திருப்பித் தட்டியது. உயிருள்ள ஏதோ ஒன்று உள்ளேயிருந்து கதவைத் தட்டுகிற மாதிரி. நான் விரலை எடுத்த வேகத்தில் மேசையிலிருந்த இருமல் பாணிப் போத்தல் விழுந்துடைந்தது.

“எண்ணெய் போட்டுத் தடவுவமா மருமகன்? உளுக்கு எடுக்கிற ஒரு ஆள் இரிக்கார்.”

“தடவ வேணாம் மாமி. டொக்டரிட்டக் காட்டுங்க” என்றேன். என் தொழில் வாழ்க்கையில் நான் சொன்னதிலேயே மிகச் சரியான வாக்கியம் அதுதான். தலையிடிக்கு வந்தாலும் கால் ஆணிக்கு வந்தாலும் நான் அதையேதான் சொல்வேன் என்பது வேறு விடயம்.

எங்கள் டொக்டர் கட்டியைப் பக்கவாட்டில் அசைத்துப் பார்த்தார். அசைந்தது. மேலும் கீழும் அசைத்துப் பார்த்தார். அசையவில்லை. காதுக்குழாயை வைத்துக் கேட்டார். பிறகு யாரும் இதில் ஊசி குத்தக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லி, கொழும்பிலுள்ள ரத்தக்குழாய் சத்திரசிகிச்சை நிபுணர் ஒருவருக்குத் துண்டு எழுதிக் கொடுத்தார்.

செய்தி ஊருக்குத் தெரிய, ஊர் தானே ஒரு முடிவுக்கு வந்தது. கத்திக் கத்தித் தொண்டை வீங்கிவிட்டது. வேறென்ன? விதானையும் அதை நம்பினார்.

இனித்தான் எங்கள் வட்டையின் திறமை வெளியே வந்தது. நோயாளியைப் பார்க்க வருவது எங்களுக்குக் கடமை. முன் கண்டத்துக்காரர்கள் முதலில் வந்தார்கள். இந்த மனிதரோடு ஆண்டுக்கணக்கில் சலாம் சொல்லாதவர்களெல்லாம் அப்பிளும் கதலி வாழைப்பழமும் கொண்டு வந்து, கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்து, கண் கலங்கினார்கள்.

“விதானையார், இனிக் கத்தாதீங்க. உங்கட உடம்புதான் எங்களுக்கு முக்கியம்.”

“வயல் பக்கம் வராட்டியும் பரவாயில்ல. நாங்க பாத்துக்குவம்.”

“தண்ணி என்ன தண்ணி! இண்டைக்கு வரும், நாளைக்குப் போகும்.”

அவர்கள் போனதும் கடைக் கண்டத்துக்காரர்கள் வந்தோம். நாட்டுக்கோழி முட்டை, தேன், சித்தரத்தை. வீரமுனை அண்ணன் தேன் போத்தலை அவர் வாயருகே பிடித்துக்கொண்டு, “தொண்டைய ஓய விடக் கூடாதுகா. பாவிக்காம விட்டா எதுவும் கறள் புடிச்சிரும். ஒருக்காக் கத்திப் பாருங்க” என்று கெஞ்சினார். நான் அதை வைத்திய ரீதியாக ஆமோதித்தேன். வாய்க்காலில் யார் எங்கே இருக்கிறார் என்று தெரியாதவர்கள்கூட, யார் என்ன கொண்டு வந்தார் என்று பார்த்தே ஒரு வரைபடம் போட்டிருக்கலாம்.

விதானை முன் கண்டத்துக்காரர்களின் கண்ணீரில் மயங்கி, ஒரு வாரம் வாய் திறப்பதில்லை என்று நிய்யத் வைத்துக்கொண்டார். அந்த வாரம் எங்கள் வயலுக்குத் தண்ணீர் வரவில்லை. வரம்போரம் நண்டுகள்கூட இடம் மாறின. ஆனால் மாமிதான் முதலில் தாங்க முடியாமல் என் கடைக்கு ஓடிவந்தா.

“மருமகன், கறிக்கு உப்புப் போட மறந்துட்டன். மனிசன் ஒரு கதையும் கதைக்காமத் திண்டு போட்டு எழும்பிட்டார். எனக்குப் பயமா இரிக்கி. இவரக் கெதியாக் கொழும்புக்குக் கூட்டிப் போங்க.”

கூட்டிப் போனேன். மாமியும் வந்தா.

சத்திரசிகிச்சை நிபுணர் எங்களை விட இளையவர், மட்டக்களப்புப் பக்கத்துப் பிள்ளை. ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் மாட்டினார். கழுத்தின் பெரிய ரத்தக்குழாய் மேலே போய், ஒரு கிளை மூளைக்கும் ஒரு கிளை முகத்துக்குமாகக் கவராகப் பிரிந்தது. அந்தக் கவருக்குள், இரண்டு கிளைகளையும் விரித்துத் தள்ளிக்கொண்டு, உருண்டையாக ஒன்று.

“இதுக்குப் பேர் கரோட்டிட் பொடி. எல்லாருக்கும் இருக்கு. வழமையா ஒரு நெல்லு மணி அளவுதான்.”

நெல்லு மணி என்றதும் விதானை நிமிர்ந்து உட்கார்ந்தார். வைத்த நிய்யத் ஆஸ்பத்திரி வாசலோடு முடிந்துவிட்டதாக அவரே தீர்மானித்துக்கொண்டார்.

“அதுக்கு அதுல என்ன வேல டொக்டர்?”

“மூளைக்குப் போற ரத்தத்த ருசி பாக்கிறது. அதில ஒட்சிசன் குறைஞ்சா உடன மூளைக்குச் செய்தி அனுப்பும். மூச்ச வேகமா எடு, நெஞ்ச வேகமா அடி எண்டு. நீங்க மலை ஏறேக்க மூச்சு வாங்குறீங்களே, அது இவர்ர வேலதான்.”

விதானை படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்:

“வாய்க்கால் கவராப் பிரியிற இடத்துல குந்திக்கிட்டு, தண்ணி குறைஞ்சா கத்துறவர். டொக்டர், இவர் வட்டை விதானை.”

“அப்பிடியும் சொல்லலாம்.”

“அப்ப எனக்கு வீங்கியிருக்கிறது என்ட உத்தியோகம்.”

“கத்தினதால வீங்கினதில்ல” என்றார் டொக்டர். சிலருக்குப் பரம்பரையாக வருமாம், காற்றுக் குறைந்த உயரமான மலைகளில் வாழ்கிறவர்களுக்குக் கூடுதலாக வருமாம், மற்றப் பலருக்கு ஏன் என்று தெரியாதாம். பெரும்பாலும் புற்றுநோய் இல்லை. ஆனால் விட்டால் வளரும். ரத்தம் ஊறிய கட்டி என்பதால்தான் ஊசி குத்தக் கூடாதாம். மாமி குறட்டையைப் பற்றிச் சொன்னா. டொக்டர் காது கொடுத்துக் கேட்டார். நித்திரையில் மூச்சு அடைபடுகிற ஒவ்வொரு தடவையும் இந்த நெல்லு மணி பதறிக் கத்துமாம். காலம் போகப் போகப் பதற்றமே அதற்குப் பழக்கமாகி, பகலில், எல்லாம் சரியாக இருக்கும்போதும் கத்துமாம். பிரசர் ஏறி நிற்க அதுவும் ஒரு காரணமாக இருக்கலாமாம்.

“தண்ணி நிறையப் போகக்குள்ளயும் கத்துற விதானை” என்றார் விதானை, வெறுப்போடு. “அப்பிடிப்பட்டவன வேலையால நிப்பாட்ட வேணும்.”

மாமி என்னைப் பார்த்தா. நான் சுவரைப் பார்த்தேன்.

“சரி, இவர வெட்டி எடுத்தா மறுகா ஆரு ருசி பாக்குற?”

“மற்றப் பக்கத்திலயும் ஒருத்தர் இருக்கிறார். அவர் போதும்.”

“ஒரு வட்டைக்கு ரெண்டு விதானையா? இவ்வளவு நாளும் சண்டை புடிக்காம இருந்திரிக்கானுகளா?”

“ரெண்டு பேரையும் எடுக்க வேண்டி வந்தாத்தான் கரைச்சல். ஒட்சிசன் எவ்வளவு குறைஞ்சாலும் ஆளுக்கு மூச்சு முட்டுற உணர்வே வராமப் போயிரலாம். நல்லா இருக்கிறன் எண்டு நினைச்சுக்கொண்டே நீலமாகிப் போவார். உங்களுக்கு அந்தப் பயம் இல்ல.”

டொக்டர் காதுக்குழாயை எனக்குத் தந்து, பாமசிக்காரர்தானே, கேட்டுப் பாருங்கள் என்றார். கட்டியின் மேல் வைத்தேன். ‘ஸ்ஸ்ஸ்... ஸ்ஸ்ஸ்...’ பாதி திறந்த துருசுக்குக் கீழே தண்ணீர் சீறுகிற அதே சத்தம், நெஞ்சடிப்பின் தாளத்தில். ஒரு மனிதனின் முழு ரத்தமும் என் காதுக்குள் ஓடியது. எனக்கு அந்தத் தொழில் பெருமையெல்லாம் ஒரு நொடிதான். அடுத்ததாக நான் பார்த்தது கூரையிலிருந்த மின்விசிறியை. நோயாளி என் மேல் குனிந்து நின்றார்.

“டொக்டர்! இஞ்ச ஒரு ஆளுக்குக் காத்துக் குறையுது!”

எனக்கு பிஸ்கட் கொடுத்துக் கதிரையில் இருத்திய பிறகுதான் டொக்டர் உண்மையான விடயத்துக்கு வந்தார். குரலுக்குப் போகிற நரம்பு அந்தக் கட்டிக்குப் பின்னால்தான் ஓடுகிறது, கட்டி அதோடு ஒட்டியிருப்பது போலப் படத்தில் தெரிகிறது. தான் கவனமாக உரித்தெடுப்பதாகச் சொன்னார். இருந்தாலும் குரல் கம்மிப் போகலாம். சில மாதங்களில் திரும்பலாம். திரும்பாமலும் போகலாம்.

சஹனில் ஆள் குறைந்ததற்கும், பள்ளிவாசல் குழாய்க்கும், உரிந்த சுண்ணாம்புக்கும் கத்திய மனிதர், தன்னிடம் ஒன்று குறையப் போகிறது என்றதும் சத்தமில்லாமல் இருந்தார்.

“எடுக்காம விட்டா?” என்றா மாமி.

“வளர்ந்து அந்த நரம்பையே விழுங்கும். குரலும் போகும், விழுங்கவும் கஷ்டப்படும். பிறகு எடுக்கிறதும் இன்னும் ஆபத்து.”

“கத்தேலாத விதானைய ஆரு வெச்சிருப்பான்?” என்றார் விதானை. எங்களிடமல்ல, படத்திடம்.

“அவசரம் இல்ல. ஆனா வருசக்கணக்கில தள்ளிப் போட வேணாம்.”

“அப்ப இந்தப் போகம் முடியட்டும் டொக்டர். கதிர் பால் புடிக்கிற நேரம். கடைசித் தண்ணியக் குடுத்துட்டு வாறன்.”

அந்தப் போகத்தின் மிச்ச நாட்களில் அவர் கத்தினாரே, அதை நான் எப்படி எழுதுவேன். அரும்பொருள் ஒன்று வீணாகப் போவதற்குள் செலவழித்துவிட வேண்டும் என்பது போலக் கத்தினார். துருசுக்கட்டிலிருந்து எங்கள் மூதாதையரின் பெயரெல்லாம் கேட்டது. முன் கண்டத்துக்காரர்கள், தாங்கள் கொடுத்த அப்பிள்களை நினைத்து நொந்தார்கள். எங்கள் கடைக் கண்டத்தில் வரம்பு வழியத் தண்ணீர் நின்றது. அந்தப் போகம் என் வயல் விளைந்த விளைச்சலைப் பார்த்து மாமனார் முதன்முறையாக என்னைப் பார்த்துச் சிரித்தார். நான் அடக்கமாக ஏற்றுக்கொண்டேன்.

சத்திரசிகிச்சை நல்லபடியாக முடிந்தது. கட்டி போனது. குரலும் போனது. மயக்கம் தெளிந்து அவர் முதலில் ஏதோ சொன்னார். சைக்கிள் டியூப்பில் காற்று இறங்குகிற சத்தம்தான் வந்தது. மாமி காதை வாயருகே வைத்துக் கேட்டு, அழுதுகொண்டே சிரித்தா.

“என்ன மாமி சொல்றார்?”

“சேலைன் போத்தல் முடியப் போகுதாம். நர்ஸக் கூப்பிடட்டாம்.”

ஊருக்கு வந்த பிறகு, கத்த முடியாத மனிதர் நடக்கத் தொடங்கினார். முன்பு துருசுக்கட்டில் நின்று ஒரு குரலில் முடித்த வேலைக்கு இப்போது விடிகாலைச் சுபஹ் தொழுதுவிட்டு வரம்பு வரம்பாகப் போனார். நித்திரையில் மூச்சு அடைபடாமலிருக்க ஒரு முகமூடி மெஷினும் கொடுத்திருந்தார்கள். அதை மாட்டிக்கொண்டு படுத்தால் விமானம் ஓட்டுகிற ஆள் மாதிரி இருக்கிறார் என்று மாமி சொல்வா. பிரசர் கொஞ்சம் இறங்கியது. குரல் மட்டும் வரவில்லை. கூப்பிட முடியாமல், ஆட்களுக்குக் கிட்டப் போய் அவர்கள் சட்டையைப் பிடித்து இழுப்பார். பலர் இழுபடாமல் போகப் பழகிக்கொண்டார்கள்.

அடுத்த போகத்தின் ஆரம்பக் கூட்டம் பள்ளிக்கூட மண்டபத்தில் நடந்தது. நீர்ப்பாசன அதிகாரி வந்திருந்தார். வட்டை முழுவதும் வந்திருந்தது. விதானைத் தெரிவு என்றதும் முன் கண்டத்துக்காரர் ஒருவர் எழுந்து தன் தம்பியின் பெயரைச் சொன்னார். தம்பி ஏற்கெனவே தோளில் ஒரு ஒலிபெருக்கியை மாட்டிக்கொண்டு, மீன் விற்க வந்தவன் மாதிரி வாசலில் நின்றான்.

“பழைய விதானையார்ல எங்களுக்கு மரியாதை இரிக்கி” என்றார் அண்ணன்காரர். “ஆனா கத்தேலாத மனிசன் என்னெண்டு இந்த வேலையப் பாக்குற? நீங்களே சொல்லுங்க.”

பலர் தலையாட்டினார்கள். எங்கள் பக்கத்திலும் சிலர் ஆட்டினார்கள். நானே கொஞ்சம் ஆட்டியிருப்பேன். கூட்டத்தில் என் தலை எப்போதும் பெரும்பான்மையின் பக்கம்தான். விதானை எழுந்தார். மைக்கைப் பிடித்து ஏதோ சொன்னார். ‘ஸ்ஸ்’ என்றது மைக். பின் வரிசையில் யாரோ சிரித்தார்கள். அவர் மைக்கை வைத்தார். மண்டபத்தைச் சுற்றிப் பார்த்தார். பிறகு நேரே வந்து என் சட்டையைப் பிடித்து முன்னுக்கு இழுத்துக்கொண்டு போனார்.

“நான் சொல்றத நீ சொல்லு” என்று என் காதுக்குள் சொன்னார்.

“மாமா, எனக்குக் கூட்டத்துல கதைச்சுப் பழக்கமில்ல.”

“பழகு. சொல்லு. முன் கண்டத்துல வரம்புக்குள்ளால பைப் தாட்டு வெச்சிரிக்கிற கள்ளனுகளுக்கு நான் சொல்றன். எந்த எந்த வரம்பு எண்டு எனக்குத் தெரியும். காலால மிதிச்சுப் பாத்திரிக்கன்.”

நான் தொண்டையைச் செருமிக்கொண்டேன். “முன் கண்டத்துச் சகோதரர்கள் தண்ணீர் விடயத்தில் இன்னும் கொஞ்சம் கவனம் எடுத்தால் நல்லது என்று விதானை அவர்கள்...”

முழங்காலுக்குக் கீழே ஒரு உதை விழுந்தது.

“கள்ளனுகள் எண்டு சொன்னன்.”

“கள்ளனுகள்” என்றேன், முதல் வரிசைக்கு மட்டும்.

வீரமுனை அண்ணன் எழுந்துவிட்டார். “தம்பி! கடையில பூச்சி மருந்து குடுக்கிற மாதிரி ரகசியமாச் சொல்லாதீங்க! வயலுக்குக் கேக்கிற மாதிரிச் சொல்லுங்க!”

சொன்னேன். மண்டபம் அடங்கியது. பைப் புதைத்த வரம்புகளை ஒவ்வொன்றாகச் சொன்னார், நான் ஒவ்வொன்றாகக் கத்தினேன். ஒலிபெருக்கித் தம்பியின் அண்ணன் தரையைப் பார்த்தார். நடுக் கண்டத்தில் ஒருவர் வாய்க்காலில் குப்பை கொட்டியிருந்தார். அவருடைய அறிவைப் பற்றி விதானைக்கு ஒரு கருத்து இருந்தது, அதையும் கத்தினேன். வீரமுனை அண்ணன் உற்சாகமாகக் கை தட்டிக்கொண்டிருக்கும்போதே, தண்ணீர் முறைக்கு நடுவில் வாய்க்காலை மறித்து மாடு குளிப்பாட்டுகிற ஒருவரைப் பற்றிச் சொல்ல நேர்ந்தது. அவர் கை தட்டியபடியே உட்கார்ந்தார். எனக்குக் குரல் திறந்துவிட்டது. இத்தனை வருடமாக இந்தச் சுகம் தெரியாமல் இருந்திருக்கிறேனே என்றிருந்தது.

விதானை மீண்டும் என் காதுக்குக் கிட்ட வந்தார். சொன்னார்.

நான் வாயைத் திறந்தேன். மூடினேன். அவரைப் பார்த்தேன்.

“சொல்லு” என்றார்.

“மாமா...”

“ஒரு கண்டத்த மட்டும் விட்டுட்டுச் சொன்னா நான் என்ன விதானை?”

மண்டபமே காத்திருந்தது. அதிகாரி பேனையைக் கீழே வைத்துவிட்டார். முதல் வரிசையில் என் மாமனார் இருந்தார். நான் மூச்சை நன்றாக இழுத்துக்கொண்டேன்.

“கடைக் கண்டத்துல பாமசிக்காரன்ட வரம்பு மூணு இடத்துல ஒடஞ்சு கெடக்கு! போன போகம் நான் கத்திக் கத்திக் குடுத்த தண்ணியில பாதி அந்த ஓட்டையாலதான் பள்ளத்துக்குப் போன! வரம்பு கட்டத் தெரியாட்டி ஆளப் புடிச்சுக் கட்டுறது! இந்த வட்டையிலயே தண்ணிக்குப் பொருத்தமில்லாத ஒருத்தன் இரிக்கான் எண்டா, அது இந்தா, என்னோட நிக்கிற இந்த...”

மிச்சத்தையும் சொன்னேன். மண்டபம் இடிந்து விழுந்த மாதிரிச் சிரித்தது. அதிகாரி கைக்குட்டையால் கண்ணைத் துடைத்தார். ஒலிபெருக்கித் தம்பியின் அண்ணன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, சிரிப்போடு சிரிப்பாகக் கையை உயர்த்தி, “போதும் விதானையார், நீங்களே இருங்க! நீங்களே இருங்க!” என்றார். அவருக்குப் பின்னால் முன் கண்டம் கையை உயர்த்தியது, நடுக் கண்டம் உயர்த்தியது, வீரமுனை அண்ணன் இரண்டு கையையும் உயர்த்தினார். என் மாமனாரும் உயர்த்தினார். அவர் எதற்கு உயர்த்தினார் என்று நான் இன்றுவரை கேட்கவில்லை.

நான் நைசாக என் கதிரைக்குத் திரும்பப் பார்த்தேன். சட்டை இழுபட்டது.

“எங்க போற?” என்றது காதுக்குள் அந்தக் காற்று. “சிரிச்ச சத்தத்துல கடைசிப் பகுதி பின்னுக்குக் கேக்கல்ல. இன்னொருக்காச் சொல்லு.”